தருமிக்கு முகம் தந்த நாகேஷ்

மதுரை ஆலவாய் அண்ணல் நிகழ்த்திய 64 திருவிளையாடல்களுள், ஓர் ஏழையின் பொருட்டு இறைவனே புலவராய்ச் சங்கம் ஏறி வழக்குரைத்த பெருமை தருமியின் வரலாற்றுக்கு உண்டு. பரஞ்சோதி முனிவர் அருளிய திருவிளையாடற் புராணத்தில் இது 52-ஆவது படலம். அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே அப்பர் பெருமான் திருப்புத்தூர்த் திருத்தாண்டகத்தில் இந்த அருட்செயலைப் போற்றியுள்ளார். ஆயினும், இன்று தருமி என்றவுடன் நம் மனக்கண்ணில் தோன்றுவது மெலிந்த உடலும் அலைபாயும் கண்களும் கொண்ட நாகேஷின் உருவமே.

தாராபுரத்தில் கன்னடம் பேசும் மாத்வக் குடும்பத்தில் 1933-ஆம் ஆண்டு பிறந்தவர் நாகேஷ். இளமையில் கண்ட அம்மை, முகத்தில் தழும்புகளை விட்டுச் சென்றது. திரைக்கு அழகிய முகமே வேண்டும் என்றிருந்த காலம் அது. சென்னையில் ரயில்வே அலுவலகத்தில் எழுத்தராகப் பணிபுரிந்தபடி நாடகங்களில் நடித்து வந்தார். ஒரு நாடகத்தில் வயிற்றுவலிக்காரராகச் சிறிது நேரமே தோன்றிய அவரது நடிப்பை, தலைமை வகித்த எம்.ஜி.ஆர். மேடையிலேயே பாராட்டினார். வறுமையும் காத்திருப்பும் நிறைந்த அந்நாட்களில், கவிஞர் வாலி அவருக்கு உற்ற தோழராய் இருந்தார். 1964-இல் வெளிவந்த 'காதலிக்க நேரமில்லை', 'சர்வர் சுந்தரம்' ஆகிய படங்கள் அவர் புகழை நிலைநாட்டின.

அடுத்த ஆண்டு வந்தது ஏ.பி. நாகராஜனின் 'திருவிளையாடல்'. சிவபெருமானாகச் சிவாஜி கணேசனும், நக்கீரராக இயக்குநர் நாகராஜனும் நடிக்க, தருமியானார் நாகேஷ். அவருக்குரிய காட்சிகள் ஏறத்தாழ ஒன்றரை நாளில் படமாக்கப்பட்டவை. திருக்கோயிலில் தனியே நின்று புலம்பும் பகுதியில், படப்பிடிப்புத் தளத்திலேயே அவர் தம் கற்பனையால் சேர்த்துக்கொண்டவை பல. திருவிழா நாட்களில் சிற்றூர்க் கோயில்களின் ஒலிபெருக்கிகளில் அப்படத்தின் உரையாடல் ஒலித்த காலத்தை மூத்தோர் மறந்திருக்கமாட்டார்கள்.

சிரிக்க வைத்த காட்சிதான். எனினும் அதன் உள்ளே இருப்பது பக்தியே. புராணத்தில் வரும் தருமி, பெற்றோரை இழந்த ஆதிசைவ பிரமசாரி. மணம் புரிந்து இறைவனைப் பூசிக்க விழைந்து பொருள் வேண்டியவன். பாடலில் குற்றம் உண்டென்று நக்கீரர் மறுத்ததும், அவன் மன்னனிடம் முறையிடவில்லை. நேரே சொக்கநாதர் சந்நிதிக்கே திரும்பினான். பொற்கிழி போனது பெரிதன்று, உன் பாடலுக்கே குற்றம் சொன்னால் இனி உன்னை யார் மதிப்பார், இந்த இழிவு யாருக்கு என்று கேட்டான். கேட்க வேறு ஒருவரும் இல்லாதவன், கடவுளிடம் உரிமையோடு கோபித்துக்கொள்கிறான். சுந்தரரின் வன்தொண்டும் இவ்வகையினதே அன்றோ! கல்லாய் நிற்கும் தெய்வம் கேட்டுக்கொண்டிருக்கிறது என்ற உறுதி இல்லாதவன் அதனோடு பேசமாட்டான். அந்த உறுதியைத்தான் நாகேஷ், நகைச்சுவை என்னும் போர்வைக்குள் வைத்து நமக்குக் காட்டினார்.

பின்னாளில் 'தில்லானா மோகனாம்பாள்' படத்தின் வைத்தியாகவும், 'எதிர்நீச்சல்' படத்தின் மாதுவாகவும் அவர் வாழ்ந்து காட்டினார். 'மகளிர் மட்டும்' படத்தில் ஒரு சொல்லும் பேசாத பிணமாக நடித்தும் வியக்க வைத்தார். சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருது, 'நம்மவர்' படத்துக்காக, அறுபது வயதைக் கடந்த பிறகே அவரை வந்தடைந்தது. 2009-ஆம் ஆண்டு ஜனவரி 31-ஆம் நாள் அவர் மறைந்தார்.

ஆண்டுதோறும் ஆவணி மூலத் திருவிழாவில், மதுரையில் தருமிக்குப் பொற்கிழி அருளிய லீலை இன்றும் நடைபெறுகிறது. அதனைத் தரிசிக்கும்போது நம் உதட்டில் ஒரு புன்னகை அரும்புமாயின், அதில் நாகேஷுக்கும் பங்குண்டு. நாமும் நம் குறைகளைச் சொல்ல ஆளின்றித் தவிக்கும் நாளில், தருமியைப் போல் தயங்காமல் சந்நிதிக்குச் செல்வோம். மனம் திறந்து முறையிடுவோரைச் சொக்கேசன் ஒருநாளும் கைவிடுவதில்லை.