கலஹா வீதியில் ஒரு நெறியாளர்

மலைநாடும் திரையும் – 9

பேராதனை கலஹா சந்தியில் திரும்பும் பஸ், பல்கலைக்கழக வளாகத்துக்குள்ளால் போய்த்தான் மலையேறும். மாணவர்கள் இறங்கிய பிறகு மிஞ்சுவது, கண்டிக் கடைவீதியில் சாமான் வாங்கித் திரும்பும் தோட்டத்துச் சனம். கலஹா, தெல்தோட்டை என்று ஏறும் அந்த வழிதான் 1867இல் ஜேம்ஸ் டெய்லர் தேயிலை பயிரிட்ட லூல்கந்துர பக்கமும் நம்மைக் கொண்டுபோகும். பாடம் நடத்தும் மண்டபமும் லயமும் இவ்வளவு கிட்ட இருந்தும், அந்த மண்டபத்திலிருந்து கமெராவோடு மலையேறியவர்கள் அரிது. ஏறியவர்களில் ஒருவர் பேராதனை ஆங்கிலத்துறையில் பேராசிரியராகப் பணியாற்றிய சுமதி சிவமோகன்.

இலங்கையின் பெண் நெறியாளர் என்றதும் எல்லோர் வாயிலும் வருவது சுமித்ரா பீரிஸ். லண்டனில் திரைக்கலை படித்து, கணவர் லெஸ்டரின் ‘கம்பெரலிய’வுக்குப் படத்தொகுப்புச் செய்து, 1978இல் ‘கெஹெணு லமய்’ மூலம் நெறியாளரானவர். சுமதி வந்த வழி வேறு. யாழ்ப்பாணக் குடும்பம், கவிதை, நாடகம், பிறகுதான் படம். அவருடைய அக்கா, மருத்துவபீட விரிவுரையாளர் ராஜனி திராணகம, 1989 செப்டெம்பர் 21 அன்று யாழ்ப்பாணத்தில் சைக்கிளில் வீடு திரும்பும்போது சுட்டுக் கொல்லப்பட்டார். அப்படியொரு இழப்பைச் சுமப்பவர் தன் வீட்டுக் கதையையே வாழ்நாளெல்லாம் சொல்லியிருந்தாலும் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். சுமதியோ திரும்பத் திரும்ப அயல்வீட்டுக் கதையைக் கையில் எடுத்தார். அவரிடம் எனக்கு மதிப்பு கூடுவது அதனால்தான்.

‘பிரளயம்’ போன்ற குறும்படங்களுக்குப் பிறகு, 2013இல் வந்தது ‘இங்கிருந்து’. மலையகத் தமிழரைப் பற்றிய முழுநீளப் படம். எழுத்தும் நெறியாள்கையும் அவரே. இந்த மலைகளைச் சினிமா அதற்கு முன்பு பார்க்காமல் இல்லை. 1983இல் ஸ்பீல்பெர்க் ‘இண்டியானா ஜோன்ஸ்’ படத்துக்காக ஹந்தானையில் பஞ்சத்தில் வாடும் ஓர் இந்தியக் கிராமத்தைக் கட்டினார். கிராமத்து மூப்பராக நடித்தவர் நம் டி. ஆர். நாணயக்கார. இந்தியாவாகக் காட்டப்பட்ட அந்தக் கிராமம் பேசியது சிங்களம்! உலகம் முழுக்க ஓடிய அந்தப் படத்தில், ஹந்தானைச் சரிவில் கொழுந்து பறிக்கும் பெண்ணுக்கு இடமிருக்கவில்லை.

‘இங்கிருந்து’ அவளிடமிருந்து தொடங்குகிறது. ஒரு கதாநாயகன், ஒரே கதை என்று நேர்கோட்டில் போகாமல், துண்டு துண்டாக நகரும் படம் அது. பொறுமையோடுதான் பார்க்க வேண்டும். மலையகத் தமிழருக்கு 1948இல் குடியுரிமை இல்லாமற் போனது. 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 975,000 பேரில் பெரும்பாலோரை இரண்டு நாடுகளுக்குக் கூறுபோட்டதில் 525,000 பேர் இந்தியாவின் பங்கு. இந்த வரலாற்றைக் கோர்வையாகச் சொல்லிவிட்டால் அது பாடப்புத்தகமாகிவிடும். பிய்த்தெறியப்பட்ட வாழ்க்கைக்குப் பிய்ந்த வடிவமே பொருந்துகிறது என்று நான் நினைக்கிறேன்.

2017இல் சிங்களத்தில் ‘சன்ஸ் அண்ட் ஃபாதர்ஸ்’. சிங்களப் படவுலகில் வாழும் ஒரு தமிழ் இசைக்கலைஞரின் கதை. முதல் சிங்களப் பேசும்படமான ‘கடவுணு பொறொந்துவ’வை 1947இல் தந்த தயாரிப்பாளர் எஸ். எம். நாயகம் ஒரு தமிழர். எத்தனையோ சிங்களப் படங்களுக்கு இசையமைத்த ஆர். முத்துசாமியும் தமிழர். 1983 ஜூலையில் அந்தப் படவுலகின் நெறியாளர் கே. வெங்கட் கொல்லப்பட்டார், ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிந்தது. சிங்கள இரசிகர் முணுமுணுக்கும் பாட்டுக்குப் பின்னால் யார் இருந்தார்கள் என்பதை அவர்களுடைய மொழியிலேயே கேட்டார் சுமதி.

அதே கேள்வியைத் தமிழரிடமும் கேட்டார் என்பதுதான் முக்கியம். 1990 ஒக்டோபர் 30 அன்று யாழ்ப்பாண முஸ்லிம்களுக்குப் புலிகள் கொடுத்த அவகாசம் இரண்டே மணித்தியாலம். வடக்கிலிருந்து விரட்டப்பட்டவர்கள் 70,000க்கும் மேல். மன்னாரின் பாலைக்குழிக்குத் திரும்பி வரும் முஸ்லிம்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். ‘த சிங்கிள் டம்ளர்’ என்ற கதைப்படத்தில் அந்த வெளியேற்றத்தை ஒரு தமிழ்க் குடும்பத்தின் நினைவுக்குள் கொண்டுவந்தார். நமக்கு நடந்ததைச் சொல்ல நம்மிடம் ஆயிரம் படைப்பாளிகள் உண்டு. நம் பெயரால் நடந்ததைச் சொல்ல, விரல்விட்டு எண்ணும் அளவுக்கே ஆள் இருக்கிறது.

கண்டி மாவட்டத் தமிழ்ப் பாடசாலைகள் தமிழ்த் தினப் போட்டிக்காக வாரக்கணக்கில் ஒத்திகை பார்க்கின்றன. அதில் ஒரு பிற்பகலை ‘இங்கிருந்து’க்கு ஒதுக்கலாம். பிள்ளைகள் பார்க்கட்டும், பிறகு ‘த சிங்கிள் டம்ளர்’ பற்றியும் கேட்கட்டும்; பதில் சொல்லும் ஆசிரியர்கள் நம்மிடம் இருக்கிறார்கள்.

(தொடரும்)