கற்பாசி: கல்லில் மட்டுமா வளர்கிறது?



படிவம் 5 மாணவர் ஒருவர் தம் பாட்டியின் சமையலைப் பற்றிக் கட்டுரை எழுதியிருந்தார். அதில் 'மரத்தில் வளரும் கற்பாசி' என்றொரு தொடர். கல்லில் வளர்வதால்தானே கற்பாசி என்று நினைத்து, 'மரத்தில்' என்ற சொல்லைச் சிவப்பு மையால் அடித்துவிட்டு 'கல்லில்' என்று திருத்தினேன். ஒரு புள்ளியும் குறைத்தேன். மறுநாள் அவர் ஒரு மசாலாப் பொட்டலத்தோடு வந்தார். "டீச்சர், இதைக் கொஞ்சம் பாருங்க." காய்ந்த கற்பாசி இதழ்களின் அடியில் சின்னச் சின்ன மரப்பட்டைத் துண்டுகள் ஒட்டியிருந்தன. தவறு என்னுடையதுதான்.

இலக்கணம் சொல்வது

கல் + பாசி = கற்பாசி. வேற்றுமைப் புணர்ச்சியில் நிலைமொழி ஈற்று லகரம், வல்லினம் வந்தால் றகரமாகத் திரியும். பால் + குடம் = பாற்குடம் என்பதும் இப்படித்தான். பேச்சில் நாம் பால்குடம், கல்பாசி என்றே சொல்கிறோம். விரித்தால் 'கல்லில் வளரும் பாசி'. ஏழாம் வேற்றுமை உருபும் பயனும் உடன்தொக்க தொகை.

இதுவரை சரி. ஆனால், சொல்லை விரித்தால் கிடைப்பது சொல்லின் பொருள் மட்டுமே. அந்தப் பொருளைப் பற்றிய முழு உண்மையும் அதில் இருக்க வேண்டும் என்பதில்லை.

அறிவியல் சொல்வது

கற்பாசி தனிப் பாசி அல்ல. அது ஒரு லைக்கன். பூஞ்சையும் பாசியும் சேர்ந்து ஓருடலாக வாழும் கூட்டுயிர் அது. பாசி சூரிய ஒளியைக் கொண்டு உணவு தயாரிக்கிறது; பூஞ்சை உடலமைப்பைத் தந்து, ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்கிறது. லைக்கன் இப்படி இரண்டு உயிர்களின் கூட்டு என்று 1867-இல் சுவிட்சர்லாந்துத் தாவரவியலாளர் சைமன் ஷ்வெண்டனர் கூறியபோது, அன்றைய அறிஞர் பலர் ஏற்க மறுத்தார்கள்.

நம் சமையலறைக் கற்பாசியின் அறிவியல் பெயர் பார்மோட்ரீமா பெர்லேட்டம். கடையில் கிடைப்பதில் அதன் உறவு இனங்களும் கலந்திருக்கும். மேலே சாம்பல் நிறம், அடியில் கறுப்பு. மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளிலும் இமயமலைச் சரிவுகளிலும் மரப்பட்டைகளிலிருந்து இதைச் சேகரிக்கிறார்கள். பாறையிலும் வளரும், அதனால் பெயரும் முழுப் பொய்யில்லை. செட்டிநாட்டுச் சமையலில் சூடான எண்ணெயில் போட்டதும் மணம் எழும்பும்.

மரத்தில் ஒட்டியிருந்தாலும் இது மரத்தின் சத்தை உறிஞ்சும் ஒட்டுண்ணி அல்ல. இதற்கு வேரே கிடையாது. நீரையும் தாதுக்களையும் மழை, பனி, காற்று ஆகியவற்றிலிருந்தே எடுத்துக்கொள்கிறது. அதனால் காற்று கெட்டால் முதலில் பாதிக்கப்படுவதும் இதுபோன்ற லைக்கன்களே. பாரிஸ் நகரப் பூங்காவின் லைக்கன்களை ஆராய்ந்த வில்லியம் நைலாண்டர், 1866-லேயே இவற்றைக் காற்றின் தூய்மைக்கு அளவுகோலாகக் காட்டினார்.

வளர்ச்சியோ மிக மெதுவானது: இலை வடிவ லைக்கன்கள் பொதுவாக ஆண்டுக்குச் சில மில்லிமீட்டர்தான் விரியும். ஒரு பிடி கற்பாசி பல ஆண்டு வளர்ச்சி. அளவில்லாமல் சுரண்டினால் காடு அதைச் சீக்கிரம் திருப்பித் தராது.

வகுப்பில் செய்து பார்க்க

ஜொகூரில் லைக்கனைப் பார்க்க வெகுதூரம் போக வேண்டாம். தோட்டத்துப் பால்மரங்களில் தேமல் போலத் தெரியும் வெளிர்நிறத் திட்டுகளைப் பாருங்கள். அவற்றில் பல லைக்கன்களே. 1,276 மீட்டர் உயரமுள்ள குனோங் லேடாங்கில் ஏறினால், குளிர்ந்த மேல்காட்டு மரங்களில் லைக்கனோடு பசும்பாசியும் படர்ந்திருக்கும். அங்கே எதையும் பிய்க்க வேண்டாம். அது தேசியப் பூங்கா. படம் பிடித்து, நிறம், வடிவம், இடம் மூன்றையும் ஒரு பத்தியாக எழுதச் சொல்லலாம்.

மாணவர்கள் கவனிக்க: தேர்வில் 'கற்பாசி'யை விரிக்கச் சொன்னால் 'கல்லில் வளரும் பாசி' என்றே எழுதுங்கள். கட்டுரையில் 'மரத்தில் வளரும் கற்பாசி' என்று எழுதினால் அதுவும் சரியே.

அந்த மாணவருக்குக் குறைத்த புள்ளியைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். சிவப்புப் பேனாவை எடுப்பதற்கு முன், "இது உனக்கு எப்படித் தெரியும்?" என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். இப்போதெல்லாம் கேட்கிறேன்.