ரீல் இல்லாத தூண்டில்

ஜப்பானுக்குப் போகிறேன் என்றதும் தோழிகள் கொடுத்த பட்டியலில் சக்குரா பூ, ராமென், புல்லட் ரயில் எல்லாம் இருந்தன. மலை ஓடையில் முழங்கால் அளவுத் தண்ணீரில் நின்று மீன் பிடிப்பது மட்டும் இல்லை. கிஃபு மாநிலத்து மலைகளில் ஒரு நாள் அதைச் செய்து பார்த்தேன். ஆற்றைப் பற்றி யோசிக்க வைத்த நாள் அது.

இந்த முறைக்குப் பெயர் 'தென்காரா'. மேலை நாட்டினர் ட்ரவுட் மீன் பிடிக்கும் 'ஃபிளை ஃபிஷிங்' முறைக்கு இது ஜப்பானிய உறவு எனலாம். இரண்டிலும் மண்புழு கிடையாது. தூண்டில் முள்ளில் நூலும் இறகும் சுற்றிப் பூச்சி போலத் தோன்றச் செய்கிறார்கள். மேலை முறைக்கு ரீல், கனமான கயிறு, பெட்டி நிறையப் போலிப் பூச்சிகள் வேண்டும். தென்காராவில் ரீலே இல்லை. மடக்கினால் பைக்குள் அடங்கும் நீளமான கோல், அதன் நுனியில் நேரடியாகக் கட்டிய கயிறு, கடைசியில் ஒரே ஒரு 'கெபாரி', அவ்வளவுதான். கெபாரி என்பது இறகு சுற்றிய முள். அதில் ஒரு வகையில் இறகு முன்பக்கமாக விரிந்திருக்கும். கோல் நுனியை லேசாக ஆட்டினால் இறகு நீருக்குள் சுருங்கி விரியும். மீனுக்கு அது உயிருள்ள பூச்சி.

இது பொழுதுபோக்காகப் பிறந்த கலை அல்ல. அந்தக் காலத்து மலை மீனவர்கள் ஓடையில் பிடித்த மீன்களை விடுதிகளுக்கு விற்றுப் பிழைத்தார்கள். செங்குத்தான பாறைகளில் ஏறி இறங்க வேண்டியவர்களுக்குச் சுமை குறைவாக இருக்க வேண்டும். முள்ளை மாற்றிக்கொண்டிருக்க நேரமும் இல்லை. தென்காராவின் எளிமைக்கு அதுதான் காரணம்.

இங்கே கிடைக்கும் இவானா, யமாமே, அமாகோ ஆகிய மூன்றும் ட்ரவுட், சால்மன் குடும்பத்தைச் சேர்ந்தவை. குளிர்ந்த, பிராணவாயு நிறைந்த நீரில்தான் இவை வாழும். ஓடும் நீரில் மீன் எதிர்நீரோட்டம் நோக்கியே நிற்கும் என்பதால், நாம் கீழிருந்து மேல்நோக்கி, அதன் பின்புறமாகப் போக வேண்டும். நீர் கண்ணாடி போல இருக்கும். நிழல் விழுந்தாலும் மீன் ஓடிவிடும். எனக்கு வழிகாட்டிய பெரியவர் ஒவ்வொரு பாறைக்கும் பின்னால் குனிந்தே நடந்தார். வானொலியில் நான்கு விநாடி மௌனம் விழுந்தாலே பதறும் எனக்கு, பேசாமல் கழித்த அந்தக் காலை புது அனுபவம்.

மதியத்துக்குள் இரண்டு அமாகோ கிடைத்தன. உள்ளங்கையைவிடச் சற்றே நீளம். பக்கவாட்டில் நீள்வட்டக் கறைகள், அவற்றின் மேல் சிவப்புப் புள்ளிகள். கையை முதலில் நனைத்துக்கொள்ளச் சொன்னார் பெரியவர். உலர்ந்த கை பட்டால் மீனின் உடலைக் காக்கும் வழவழப்பு உரிந்துவிடுமாம். எதிர்முள் இல்லாத தூண்டில் என்பதால் எளிதாகக் கழன்றது. இரண்டையும் ஆற்றிலேயே விட்டோம்.

இதைத் தொலைபேசியில் சொன்னபோது, ஈயக்குட்டையில் மீன் பிடித்தே வளர்ந்த அப்பா கேட்டார்: "ஏம்மா, காசு குடுத்துப் பிடிச்சு, மறுபடியும் தண்ணியிலேயே விடுறதா?"

நியாயமான கேள்வி. அந்தக் காசு எங்கே போகிறது என்பதில்தான் பதில் இருக்கிறது. ஜப்பானில் இத்தகைய ஆறுகளில் தூண்டில் போட, அந்த ஆற்றின் மீனவர் கூட்டுறவுச் சங்கத்திடம் அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். ஒரு நாளுக்குப் பெரும்பாலும் 1,000 முதல் 2,000 யென் வரை. 1949ஆம் ஆண்டு மீன்பிடிச் சட்டம் இந்தச் சங்கங்களுக்கு உரிமையோடு ஒரு கடமையையும் கொடுத்தது: ஆற்றில் மீன்வளத்தைப் பெருக்க வேண்டும். மீன்குஞ்சு விடுவது, முட்டையிடும் இடங்களைப் பராமரிப்பது எல்லாம் அதில் அடங்கும். இந்த மீன்கள் இலையுதிர் காலத்தில் முட்டையிடும். அதனால் பல ஆறுகளில் மார்ச் முதல் செப்டம்பர் வரை மட்டுமே அனுமதி. பிடித்ததைச் சாப்பிடத் தடையில்லை, ஆனால் அளவு உண்டு.

நமக்கும் இது அந்நியமல்ல. சபாவில் கடசான்டூசுன் கிராமத்தார் 'தகால்' என்ற பெயரில் ஆற்றின் ஒரு பகுதியை மூடிவைத்து, நாள் குறித்துத் திறந்து, கிடைப்பதைப் பகிர்ந்துகொள்கிறார்கள். 2003இல் மாநிலச் சட்டமும் இதற்குத் துணைநின்றது. ரானாவ் பக்கம் மொரொலி ஆற்றில் நம் காலைச் சுற்றிவரும் பெரிய மீன்கள் அப்படித் தப்பிப் பெருகியவைதான். தாமான் நெகாராவின் லூபோக் தெனோரில் கெலா மீன்களுக்கும் அப்படியொரு காப்பகம் உண்டு. ட்ரவுட் நம் வெப்பத்தில் வாழாது. ஆனால் மலை ஓடை மீனின் ஆபத்து எங்கும் ஒன்றே: ஓடை சிறியது, ஆசைப்படுபவர்கள் அதிகம்.

அப்பாவிடம் இதையெல்லாம் சொன்னேன். "அந்தக் காலத்துல எங்க குட்டைக்கும் இப்படி ஒரு சங்கம் இருந்திருக்கலாம்" என்றார்.

போக விரும்புவோருக்குச் சில குறிப்புகள். வழுக்காத ஃபெல்ட் அடிப்பகுதி கொண்ட காலணி அவசியம். கரடிகள் நடமாடும் மலைகள் என்பதால் பையில் ஒரு சிறு மணி கட்டிக்கொள்ளுங்கள். மேல்மலையில் மழை என்றால் ஓடைக்குள் இறங்காதீர்கள், நீர் சட்டென்று உயரும். முதல் முறை வழிகாட்டியோடு போவது நல்லது. தூண்டில் வாடகைக்குக் கிடைக்கும். அதற்கு முன்பே அனுமதிச் சீட்டை வாங்கி, கேட்டால் காட்ட வசதியாகக் கையோடு வைத்துக்கொள்ளுங்கள்.