வரிக்கு வரி வாசித்த சிறுவன்

சிறுவர் கதையைப் பெரியோர் பொழுதுபோக்கென ஒதுக்கிவிடுவர். சிறுவரோ வரிக்கு வரி வாசிப்பர். இலண்டன் ஈலிங் கலையகம் 1947 இல் வெளியிட்ட ‘ஹியூ அன்ட் கிறை’ என்னும் நகைச்சுவைத் திரைப்படத்தின் உயிர்நாடி இவ்வேறுபாடேயாகும். ரி. ஈ. பி. கிளார்க் எழுத, சார்ள்ஸ் கிறைற்றன் நெறிப்படுத்தினார்.

சிறுவர் சஞ்சிகையொன்றின் தொடர்கதையில் திருடர்கள் சங்கேதச் செய்திகளைப் புகுத்துகின்றனர். தம் எழுத்து மாற்றப்படுவதைக் கதாசிரியரே அறியார். அலஸ்ரெயர் சிம் அப்பாத்திரத்தில் நடித்தார். சூழ்ச்சியை உணர்பவன் ஜோ என்னும் வாசகனே. பொலிஸ் அதிகாரியோ அதனைக் கற்பனையென்கிறார்.

இறுதியில், குண்டுவீச்சில் இடிந்த கட்டடங்களிடையே சிறுவர் பெருந்திரளாகக் கூடித் திருடரை மடக்குகின்றனர். அவ்விடிபாடுகள் போர் விட்டுச்சென்ற மெய்யான இலண்டன். பெரியோர் அழித்த நகரிலே சிறுவர் நீதியை நிலைநாட்டுகின்றனர். நாம் சிரிக்கிறோம், சிரிப்பினூடே நெஞ்சு கனக்கிறது.