மூன்று வளைகுடா, ஆயிரம் கட்டம்!

2020 ஆகஸ்டில் சென்னையிலிருந்து கடலடிக் கேபிள் வந்து சேரும்வரை, அந்தமானின் மரைன் ஹில்லில் வீடியோ என்றால் அது கையிலிருந்து கைக்குத்தான்: மெமரி கார்டு, புளூடூத், ஷேரிட். சென்னைக் கப்பலில் வந்து இறங்குகிறவரின் போனில் என்ன இருக்கிறதோ, அதுதான் புதுப்படம். அதனால் நான் சொல்லப்போவது இந்த மேட்டுக்காரர்களுக்குச் சட்டென்று பிடிபடும். நியூயார்க் மோமா அருங்காட்சியகத்தில் 2025-ல் ஓடிய ஒரு படம், கப்பல்காரர்களின் செல்போனில் இப்படிச் சுற்றிய கிளிப்புகளால் ஆனது!

‘ஃப்ரம் கல்ஃப் டு கல்ஃப் டு கல்ஃப்’. 83 நிமிடம், 2013. செய்தது மும்பையின் ‘கேம்ப்’ குழு: ஷைனா ஆனந்த், அசோக் சுகுமாரன் அண்ட் கோ. கேமராமேன் யார்? கட்ச் வளைகுடாவில் கட்டிய மரக்கப்பல்களில் பாரசீக வளைகுடாவுக்கும் ஏடன் வளைகுடாவுக்கும் சரக்கேற்றிப் போகிற மாலுமிகள். நம்ம தூத்துக்குடித் தோணிக்கு அந்தக் கப்பல்கள் ஒன்றுவிட்ட அண்ணன் முறை.

சரி, திரைக்குப் பின்னால் போவோம். 2009-ல் ஷார்ஜா பினாலேவுக்காகப் போன கேம்ப், கண்காட்சி அறையில் அடங்கவில்லை. துறைமுகத்திலேயே ரேடியோ ஒலிபரப்பியது. சோமாலியா போகும் கப்பல்களில் என்னென்ன சரக்கு ஏறுகிறது என்று புத்தகமே போட்டது. அப்படிப் பழகிய மாலுமிகளோடு நாலு வருஷம் பேச்சு, சிநேகம், கொடுக்கல் வாங்கல். அதன் பிறகுதான் இந்தப் படம். இந்த நாலு வருஷத்தைத்தான் நான் கலை என்பேன். எடிட்டிங்கெல்லாம் அப்புறம்.

இப்போது அந்த ஃபைல்களைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்களேன். அந்தக் காலத்துப் பட்டன் போன்களில் 3ஜிபி வீடியோ பல நேரம் 176-க்கு 144 புள்ளிதான். அதைப் பெரிய திரையில் போட்டால் அலை படிக்கட்டாகிவிடும், சக மாலுமியின் சிரிப்பு நாலைந்து வெள்ளைக் கட்டமாகிவிடும். போனுக்குப் போன் சட்டத்தின் அளவு வேறு குதிக்கிறது! எதையும் இழுத்துப் பிடித்துச் சமமாக்கவில்லை இவர்கள்.

பாட்டு விஷயம் இன்னும் ஜோர். தாங்கள் எடுத்த கடலுக்கு மாலுமிகளே பிடித்த பாட்டை ஒட்டி, மியூசிக் வீடியோவாக்கிக் கைமாற்றியிருக்கிறார்கள். கேம்ப் அதை உருவி எறிந்துவிட்டுச் சோகமான வயலின் வைக்கவில்லை, புண்ணியவான்கள்! யாரோ ஒரு மாலுமியின் ரசனைதான் படத்தின் இசையமைப்பாளர்.

இன்னொரு கிறுக்கும் இவர்களுக்கு உண்டு. வெட்டிப் போடும் ஃபுட்டேஜைத் தூக்கிப்போட மனசு வராது. 2008-லேயே நண்பர்களோடு சேர்ந்து ‘பேட்.மா’ என்ற இணையக் காப்பகத்தைத் திறந்துவிட்டார்கள். படமாக முடியாத மூலக் காட்சிகள், நொடிக் கணக்கோடு குறிப்புகள், யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். ராத்திரி பத்து மணிக்கு மேல் மட்டும் அதற்குள் நுழையாதீர்கள். மறுநாள் ஆபீசுக்கு லீவு சொல்ல வேண்டியிருக்கும்.