தீவு ஒன்று, கணக்கும் ஒன்றாகட்டும்

பூநாரை நினைத்தவுடன் எழும்பிப் பறந்துவிடாது. ஆழமில்லாத நீரில் சற்றுத் தூரம் ஓடித்தான் மேலெழும். கழுத்தையும் காலையும் நீட்டிப் பறக்கும்போது குறுக்கே கம்பி வந்தால் சட்டென்று விலக அதனால் முடியாது. இருட்டிலோ கம்பி தெரிவதே இல்லை. மன்னார் மாவட்டத்தின் வங்காலைச் சரணாலயப் பக்கம் மின்கம்பிகளில் அடிபட்டுப் பூநாரைகள் செத்தது இப்படித்தான். 2010இல் சர்வதேச முக்கியத்துவம் கொண்ட ராம்சார் ஈரநிலமாக அறிவிக்கப்பட்ட இடம் அது.

வடக்கிலிருந்து வலசை வரும் பறவைகளுக்கு மன்னார்தான் இலங்கையின் வாசல். ஆய்வாளர்கள் கருவி பொருத்தி, மேகா என்று பெயரிட்ட கடற்காகம் ஒன்று இங்கிருந்து ஆர்க்டிக் வரை போய்த் திரும்பியது.

இந்த வாசலில்தான் 2020 டிசம்பரில் 30 காற்றாலைகளோடு ‘தம்பபவனி’ மின் நிலையம் திறக்கப்பட்டது. அடுத்து 52 காற்றாலைகளுக்கு அதானி நிறுவனம் வந்தது. சூழல் அமைப்புகளும் மன்னார் ஆயரும் உயர் நீதிமன்றம் போனார்கள். 2025 பெப்ரவரியில் நிறுவனம் விலகிக்கொண்டது. ஆனாலும் வேறு காற்றாலைத் திட்டங்கள் தொடர்ந்தன. இல்மனைற் என்ற கனிமத்துக்காக மணலை அகழவும் நிறுவனங்கள் கண் வைத்திருக்கின்றன. 2025 ஓகஸ்டில் மக்கள் வீதிக்கு இறங்க, ஜனாதிபதி ஒரு மாதம் வேலையை நிறுத்திவைத்தார். செப்டம்பரில் மறுபடி தொடங்கியபோது பொலிஸாரோடு மோதல் வெடித்தது.

காற்றாலைக்கு மண் போட்டு உயர்த்திய பாதைகள் மழைவெள்ளத்தைக் கடலுக்கு விடாமல் மறிக்கின்றன, கரையில் மீன்பாடு குறைந்துவிட்டது என்கிறார்கள் ஊர்மக்கள். மன்னார் தாழ்ந்த மணல் தீவு. குடிக்கும் நீர் அந்த மணலுக்குள்தான் தேங்கிக் கிடக்கிறது. மணலை அள்ளினால் கிணறு உவராகும்.

காற்று மின்சாரம் நாட்டுக்குத் தேவைதான். தவறு இடத்திலும் கணக்குப் பார்க்கும் முறையிலும் இருக்கிறது. ஒவ்வொரு திட்டத்துக்கும் தனித்தனியே சூழல் மதிப்பீடு செய்தால் ஒவ்வொன்றும் சிறிய பாதிப்பாகவே தெரியும். பறவைக்கும் வலை இழுப்பவருக்கும் எல்லாம் சேர்ந்தல்லவா விழுகிறது?

சட்டம் காக்கும் என்று சும்மா இருக்கவும் முடியாது. மன்னார் மாவட்டத்தில், 2016இல் இயற்கை ஒதுக்கமாக அறிவிக்கப்பட்ட விடத்தல்தீவில் 168 ஹெக்டேயரை இறால் பண்ணை போன்ற நீர்வாழ் உயிரின வளர்ப்புக்காக 2024இல் ஒரு வர்த்தமானி விடுவித்தது. உயர் நீதிமன்றம் தலையிட்டுத்தான் அதை இடைநிறுத்தியது.

தீவு முழுவதற்கும், காற்றாலை, கம்பி, மணல், இறால் பண்ணை எல்லாவற்றையும் சேர்த்து ஒரே மதிப்பீடு வேண்டும். அது தமிழில் வெளிவர வேண்டும். பேசாலையிலும் தாழ்வுபாட்டிலும் ஊர்க்கூட்டத்தில் வாசிக்கப்பட வேண்டும். அதுவரை மன்னாரில் இன்னொரு காற்றாலைக்கு அரசு அனுமதி கொடுக்கக் கூடாது.