பாட்டில்லாப் படம் தந்த பாட்டுக்காரர்

"பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டான்" என்று என்னை அடிக்கடி இடித்துரைப்பார் என் தாத்தா. அவருக்கு நான் காட்டும் சாட்சி, வீணை எஸ். பாலசந்தர்.

1927இல் பிறந்த அவர், 'சீதா கல்யாணம்' (1934) படத்தில் சிறுவனாகத் தோன்றினார். பின்னர் நடித்தார், பாடினார், இசையமைத்தார், இயக்கினார். இத்தனை இசை தெரிந்தவர், 1954இல் ஏவி.எம். நிறுவனத்துக்காக எடுத்த 'அந்த நாள்' படத்தில் பாட்டே வைக்கவில்லை!

செங்கத்தில் டூரிங் கொட்டகை மணலில் அமர்ந்து, பாட்டு வரும் வரும் என்று கடைசிவரை காத்திருந்தாராம் தாத்தா.

1943இல் சென்னைமீது ஜப்பானிய விமானம் குண்டு வீசிய வேளை. வானொலிப் பொறியாளன் ஒருவன் சுட்டுக் கொல்லப்படுகிறான். கொலை ஒன்று, ஆளுக்கொரு கதை. ஜப்பானியர் அகிரா குரோசவாவின் 'ரஷோமோன்' (1950) தந்த உந்துதல் இது. திரைக்கதை வசனம் ஜாவர் சீதாராமன். கொலையுண்டவனாக வருபவர் சிவாஜி கணேசன். நாயகனுக்குரிய நற்பண்பு மருந்துக்கும் இல்லாத வேடம். சுட்டவர் யார்? நான் சொல்லமாட்டேன். ஆனால் வசூலில் படம் தோற்றது. பாட்டில்லாக் குறைதான் என்பார் தாத்தா. பாட்டு இருந்திருந்தால் கதையின் இறுக்கம் தளர்ந்திருக்கும் என்பேன் நான்.

'பொம்மை' (1964) படத்தில் யேசுதாஸைத் தமிழுக்கு அறிமுகம் செய்தவரும் இவரே. 'நடு இரவில்' (1970) படத்துக்குப்பின் திரையை விட்டு, குருவின்றித் தாமே பயின்ற வீணையோடு வாழ்ந்தார். 1982இல் பத்மபூஷண் பெற்றார், 1990இல் மறைந்தார்.

வீணைக்கு அது ஆதாயம். திரைக்கு நட்டம் என்றே எனக்குத் தோன்றுகிறது.